பதக்கம் கேட்ட கலகக்காரர்: எடுவார் மனேவும் நவீன ஓவியத்தின் தொடக்கமும்

எடுவார் மனேவைப் பற்றி எழுத ஆரம்பிக்கிறவர்கள் முதல் வரியிலேயே அவரைக் கலகக்காரராக்கிவிடுவார்கள். மரபை உடைத்தவர், அகாதமியை எதிர்த்தவர், நவீன ஓவியத்தின் தந்தை. இதில் பொய் ஒன்றும் இல்லை. ஆனால் இதோடு நிறுத்திக்கொண்டால் மனே நமக்குப் பிடிபடவே மாட்டார். இந்த மனுஷர் கடைசிவரை ஏங்கியது ஒரே விஷயத்துக்கு: பாரிஸில் அரசு நடத்திய சலோன் கண்காட்சியில் தன் படம் நல்ல இடத்தில் தொங்க வேண்டும், நடுவர்கள் ஒரு பதக்கமாவது தர வேண்டும். நண்பர்கள் எல்லாம் சேர்ந்து தனியாகக் கண்காட்சி வைத்தபோது, வந்து சேர்ந்துகொள்ளச் சொல்லி எத்தனை தடவை கூப்பிட்டும் அவர் போகவில்லை. சண்டை போடுவதென்றால் சலோனில்தான் போட வேண்டும் என்பது அவர் கொள்கை.

அப்படிப்பட்ட ஒருவரால் இருநூறு வருஷத்து மரபு எப்படி ஆட்டம் கண்டது? எனக்கு இந்தக் கதையில் மிகவும் பிடித்த பகுதி அதுதான். மனே மரபை வெளியே நின்று கல்லெறியவில்லை. அந்த மரபு தலையில் வைத்துக் கொண்டாடிய பழைய ஆசான்களின் படங்களையே எடுத்து, அவற்றின்மேல் போர்த்தியிருந்த இரண்டு திரைகளை உருவிவிட்டார். ஒன்று புராணம் என்ற திரை, இன்னொன்று வழுவழுப்பு என்ற திரை. அவ்வளவுதான் செய்தார். அதற்கே ஊர் கொந்தளித்தது.

முதலில் அந்த மரபு எப்படிப்பட்டது என்று பார்த்துவிடலாம். பிரான்சில் ஓவியத்துக்கும் சிற்பத்துக்குமான அரச அகாதமி 1648இல் உருவானது. 1667இல் ஆந்த்ரே ஃபெலிபியான் எந்த வகை ஓவியம் உசத்தி, எது மட்டம் என்று ஒரு படிநிலையை எழுதி வைத்தார். புராணம், பைபிள், வரலாறு ஆகியவற்றைச் சொல்லும் படங்களுக்கு உச்சியில் இடம். அதற்குக் கீழே ஆள் உருவப்படம், அப்புறம் அன்றாட வாழ்க்கைக் காட்சிகள், இயற்கைக் காட்சி, கடைசியில் பழம், பூ, பாத்திரம். படத்தின் அளவுகூட இதைப் பொறுத்துத்தான். சுவரை அடைக்கிற பெரிய கித்தானில் கடவுளையோ ரோமாபுரி வீரனையோ வரையலாம். காய்கறிக்காரியை வரைய வேண்டுமானால் சின்னதாக வரைந்துகொள்ள வேண்டும். பாரிஸின் லூவ்ர் அரண்மனையில் (பின்னால் இதுதான் அருங்காட்சியகமானது) சலோன் காரே என்ற அறையில் படங்களைத் தொங்கவிட்டதால் கண்காட்சிக்கே சலோன் என்ற பெயர் வந்தது.

19ஆம் நூற்றாண்டில் ஒரு ஓவியருக்குப் பிழைப்பு என்றால் அது சலோன் வழியாகத்தான். கலைப்பள்ளியான எகோல் தே போஸாரில் படித்து, ரோம் பரிசு வாங்கி, சலோனில் பதக்கம் வாங்கினால் அரசாங்கம் படம் வாங்கும், பணக்காரர்கள் வீட்டுக்குக் கூப்பிட்டு வரையச் சொல்வார்கள். லட்சக்கணக்கான மக்கள் வந்து பார்க்கிற இடம் அது. நடுவர் குழு ஒரு படத்தைத் திருப்பி அனுப்பிவிட்டால், அதை வாங்க நினைத்தவரும் பின்வாங்கிவிடுவார்.

பயிற்சியும் அதற்கேற்ற மாதிரிதான். மாணவன் முதலில் அச்சுப்படங்களைப் பார்த்து வரைவான், பிறகு பழங்காலச் சிலைகளின் பிளாஸ்டர் வார்ப்புகளைப் பார்த்து வரைவான், அதற்கப்புறம்தான் உயிருள்ள மாடல். கோடு முக்கியம், வண்ணம் பின்னால். எண்ணெய் வண்ணத்தைத் தொட அனுமதி வந்ததும், பழுப்பு அடித்தளம் பூசி, இருட்டிலிருந்து வெளிச்சத்துக்கு மெல்ல மெல்ல ஏறி, இடையில் நுண்ணிய இடைநிறங்களைக் குழைத்து, உடம்பு உருண்டு திரண்டு தெரியும்படி வரையக் கற்றுக்கொள்வான். முடிவில் தூரிகை பட்ட தடமே தெரியக் கூடாது. ரவிவர்மாவின் எண்ணெய் ஓவியங்களில் கன்னமும் கையும் பட்டுப்போல மின்னுவதைப் பார்த்திருப்பீர்களே, அந்த வழுவழுப்பின் ஊற்று ஐரோப்பாவின் இந்த அகாதமி முறைதான். அதை மட்டமாகச் சொல்ல எனக்கு மனமில்லை. அதில் அசாத்தியத் திறமை இருக்கிறது. பிரச்சினை என்னவென்றால், வரைய வேறு வழியே இல்லை என்று அந்த அமைப்பு நம்பியது.

மனே பிறந்தது 1832 ஜனவரி 23, பாரிஸில், கலைப்பள்ளிக்குப் பக்கத்திலேயே. அப்பா நீதித்துறையில் பெரிய பதவியில் இருந்தவர், அம்மா ஒரு ராஜதந்திரியின் மகள். பையன் சட்டம் படிக்கட்டும் என்று அப்பா நினைத்தார். பையன் கடற்படைக்குப் போகிறேன் என்றான். நுழைவுத் தேர்வில் தோல்வி. 1848 டிசம்பரில் பயிற்சிக் கப்பலில் ரியோ டி ஜெனிரோவுக்குப் போய்த் திரும்பி வந்து மறுபடி எழுதினார், மறுபடி தோல்வி. அதற்குப் பிறகுதான் வீட்டில் ஓவியத்துக்குச் சம்மதித்தார்கள். 1850இல் தொமா குதூரிடம் சேர்ந்து ஆறு வருஷம் படித்தார். குதூர் சாதாரண ஆளில்லை, சீரழிவுக் காலத்து ரோமானியர்களைப் பற்றிய பிரம்மாண்டமான படத்தால் 1847 சலோனில் பேர் வாங்கியவர்.

அந்தப் பட்டறைக் காலத்தைப் பற்றி மனேவின் பள்ளித்தோழர் அந்தோனான் ப்ரூஸ்த் பின்னால் எழுதி வைத்திருக்கிறார். தொழில்முறை மாடல்கள் மேடையில் ஏறியதும் மார்பை விரித்துக் கிரேக்க வீரன் மாதிரி நிற்பார்களாம், மனேவுக்கு எரிச்சல் வரும். காய்கறிக் கடைக்குப் போய் ஒரு கட்டு முள்ளங்கி வாங்கும்போதும் இப்படித்தான் நிற்பாயா என்று கேட்டாராம். அவர் பிற்பாடு செய்த எல்லாவற்றுக்கும் விதை இந்த ஒரு கேள்வியில் இருப்பதாகவே எனக்குப் படுகிறது. அதே சமயம் பழைய ஆசான்களை அவர் ஒதுக்கவில்லை. லூவ்ருக்குப் போய் உட்கார்ந்து பிரதி எடுத்தார், ஃப்ளாரன்ஸுக்குப் போய், 16ஆம் நூற்றாண்டு வெனிஸ் ஓவியர் தித்சியானின் ‘ஊர்பினோவின் வீனஸ்’ படத்தைப் பிரதி எடுத்தார் (வீனஸ் ரோமானியர்களின் காதல் தெய்வம்). இந்தப் பிரதியை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

1859இல் சலோனுக்கு அனுப்பிய முதல் படம், தெருவில் திரிகிற ஒரு குடிகாரரை முழு உருவமாக வரைந்தது, நிராகரிக்கப்பட்டது. 1861இல் கிதார் வாசிக்கும் ஸ்பானியப் பாடகரின் படம் தேறி, சிறப்பு மதிப்பும் கிடைத்தது. நிலைமை சரியாகப் போய்க்கொண்டிருந்தது.

அப்புறம் 1863 வந்தது. அந்த வருஷம் நடுவர் குழு கறாராக இருந்தது. வந்த சுமார் 5,000 படைப்புகளில் பாதிக்கு மேல் திருப்பி அனுப்பிவிட்டார்கள். ஓவியர்கள் போட்ட கூச்சல் பேரரசர் மூன்றாம் நெப்போலியன் காதுவரை போக, அவரே நேரில் வந்து பார்த்துவிட்டு, நிராகரிக்கப்பட்டவற்றையும் அதே கட்டடத்தின் இன்னொரு பகுதியில் வையுங்கள், நல்லதா கெட்டதா என்று மக்களே தீர்மானிக்கட்டும் என்று உத்தரவிட்டார். நிராகரிக்கப்பட்டவர்களின் சலோன் என்று அதற்குப் பெயரே நின்றுவிட்டது. மே 15இல் திறந்தது. கூட்டம் அலைமோதியது, பெரும்பாலும் சிரிப்பதற்காக. அதிகமாகச் சிரித்தது ‘புல்வெளியில் பகலுணவு’ படத்தின் முன்னால்.

படத்தை இணையத்தில் தேடி ஒரு பக்கம் திறந்து வைத்துக்கொள்வது நல்லது. ஆற்றோரம், மரநிழல். கோட்டும் டையுமாக இரண்டு பாரிஸ் இளைஞர்கள் ஏதோ பேசிக்கொண்டிருக்கிறார்கள். அவர்கள் பக்கத்தில் ஒரு பெண் துணியில்லாமல் உட்கார்ந்து, முழங்காலில் கையை ஊன்றி, அவர்களை விட்டுவிட்டு நம்மைப் பார்க்கிறாள். கழற்றிய ஆடை ஒரு பக்கம் கிடக்கிறது, கூடை கவிழ்ந்து பழமும் ரொட்டியும் சிதறியிருக்கின்றன. பின்னால் தண்ணீரில் குனிந்திருக்கும் இன்னொரு பெண், இருக்கிற தூரத்துக்குப் பொருந்தாமல் பெரிதாகத் தெரிகிறாள். மூன்று பேரும் உட்கார்ந்திருக்கும் அமைப்பு மனேவின் சொந்தக் கற்பனை இல்லை. இத்தாலிய ஆசான் ரஃபேல் வரைந்த ‘பாரிஸின் தீர்ப்பு’ காட்சியை (இந்தப் பாரிஸ் ஊரில்லை, கிரேக்கப் புராண இளவரசன்) மார்க்கந்தோனியோ ரைமோந்தி செதுக்கிய அச்சுப்படத்தின் ஓரத்தில் இரண்டு நதித் தெய்வங்களும் ஒரு தேவதையும் இருக்கிறார்கள், அவர்கள் கை கால் வைத்திருக்கும் விதம் அப்படியே இங்கே வந்திருக்கிறது. ஆடை உடுத்திய ஆண்களும் நிர்வாணப் பெண்களும் வயல்வெளியில் சேர்ந்திருப்பது லூவ்ரில் தொங்கும் ஒரு வெனிஸ் ஓவியத்திலிருந்து வந்தது. ஆக மரபுக்கு உள்ளேயிருந்து எடுத்த சரக்குதான் முழுவதும். ஆனால் நதித் தெய்வங்கள் போய்விட்டார்கள், வந்திருப்பது போன ஞாயிற்றுக்கிழமை பாரிஸில் பார்த்த ஆட்கள். அதுவும் 208க்கு 264 சென்டிமீட்டர் கித்தானில், வரலாற்று ஓவியத்துக்கென்று ஒதுக்கி வைத்திருந்த அளவில்.

நிர்வாணம்தான் அவர்களை அதிரவைத்தது என்று பல இடங்களில் படிக்கலாம். அது நிற்காத வாதம். அதே 1863இல், அதே கட்டடத்தில், அதிகாரபூர்வ சலோனில் அலெக்சாந்த்ர் கபனேல் வரைந்த ‘வீனஸின் பிறப்பு’ தொங்கியது. கடலலை மேல் ஒரு பெண் உடம்பை முறுக்கிப் படுத்திருக்கிறாள், கண் பாதி மூடியிருக்கிறது, மேலே குழந்தைத் தேவதைகள் பறக்கின்றன. மனேவின் பெண்ணைவிட நூறு மடங்கு சல்லாபமான படம். பேரரசரே அதை விலைக்கு வாங்கினார், கபனேல் அந்த வருஷமே அகாதமி உறுப்பினர் ஆனார். வீனஸ் என்று பெயர் போட்டால் போதும், எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் நின்று பார்க்கலாம், நான் கலையை ரசிக்கிறேன் என்று மனசாட்சிக்குச் சொல்லிக்கொள்ளலாம். மனே அந்தச் சாக்கைப் பிடுங்கிவிட்டார். பார்க்கிற ஆள் தான் பார்க்கிறோம் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டி வந்தது, ஏனென்றால் எதிரே இருப்பவளும் அவரைப் பார்க்கிறாள்.

இதைவிடக் கூர்மையாக அவர் செய்த படம் ‘ஒலிம்பியா’. 1863இலேயே வரைந்து முடித்து, 1865 சலோனுக்குத்தான் அனுப்பினார், நடுவர்கள் ஏற்றுக்கொண்டார்கள். தித்சியானின் ஊர்பினோ வீனஸ் எப்படிப் படுத்திருக்கிறாளோ அதே மாதிரி இவளும் படுத்திருக்கிறாள். தித்சியானின் படத்தில் காலடியில் தூங்குகிற நாய்க்குட்டி இருக்கும். இங்கே முதுகை வளைத்து நிற்கும் ஒரு கறுப்புப் பூனை. அங்கே பின்னறையில் பணிப்பெண்கள் பெட்டியில் துணி தேடுகிறார்கள். இங்கே ஒரு கறுப்பினப் பணிப்பெண் காகிதத்தில் சுற்றிய பூங்கொத்தைக் கொண்டுவந்து நிற்கிறாள், யாரோ வாடிக்கையாளர் அனுப்பியது. வீனஸின் கை மென்மையாக மடங்கி மறைக்கும். ஒலிம்பியாவின் கை தொடைமேல் அழுத்தமாகப் பதிந்து, இங்கே நான் சொன்னால்தான் அனுமதி என்கிறது. கழுத்தில் கறுப்பு ரிப்பன், கையில் வளையல், கூந்தலில் பூ, காலில் ஒரு செருப்பு, மற்றொன்று கழன்றுவிட்டது. அன்றைய பாரிஸில் பாலியல் தொழிலில் இருந்த பெண்கள் வைத்துக்கொள்ளும் பெயர்களில் ஒலிம்பியாவும் ஒன்று. படம் பார்க்க வந்த கனவான்களில் எத்தனை பேருக்கு அந்த அறை பழக்கமோ, அவர்கள் அத்தனை பேரையும் மனைவி மக்கள் பக்கத்தில் நிற்கும்போதே அந்தக் கண்கள் பார்த்தன.

சரி, விஷயம் இவ்வளவுதான் என்றால் அது சமூக விமர்சனமாக நின்றுபோயிருக்கும். ஓவியத்தின் போக்கே மாறியதற்குக் காரணம் அதை வரைந்த முறை. வெளிச்சத்தைக் கவனியுங்கள். அகாதமி ஓவியத்தில் வெளிச்சம் பக்கவாட்டில் ஜன்னலிலிருந்து வரும்; ஒரு பக்கம் ஒளி, ஒரு பக்கம் நிழல், நடுவில் இடைநிறங்கள், அதனால் உடம்புக்குக் கனம் கிடைக்கும். ஒலிம்பியாவின் மேல் வெளிச்சம் நாம் நிற்கிற பக்கத்திலிருந்து நேராக முகத்தில் அடிக்கிறது, பிளாஷ் போட்டு எடுத்த பாஸ்போர்ட் போட்டோவில் முகம் தட்டையாகிவிடுமே, அதே மாதிரி. இடைநிறங்கள் கிட்டத்தட்ட இல்லை. வெள்ளைப் படுக்கை, அதன்மேல் வெளிறிய உடம்பு, சுற்றி ஒரு மெல்லிய கருங்கோடு, பின்னால் சட்டென்று இருட்டு. பூங்கொத்தைக் கிட்டத்தில் போய்ப் பார்த்தால் பூ இருக்காது, வெள்ளை, நீலம், சிவப்பு என்று தூரிகை வைத்துவிட்டுப் போன தீற்றல்கள்தான் இருக்கும். இரண்டடி பின்னால் வந்தால் மறுபடி பூவாகிவிடும். அந்தச் சமயத்தில் பாரிஸுக்கு வந்துகொண்டிருந்த ஜப்பானிய மரக்கட்டை அச்சுப்படங்களின் தட்டையான வண்ணப் பரப்பும் இதில் இருக்கிறது. ஓவியர் குஸ்தாவ் குர்பே, அவரே பெரிய கலகக்காரர், இந்தப் படத்தைப் பார்த்துவிட்டு, குளித்துவிட்டு வந்த சீட்டுக்கட்டு ராணி மாதிரி இருக்கிறது என்று சொன்னதாகச் சொல்வார்கள். திட்டத்தான் சொன்னார், ஆனால் மிகச் சரியாகப் பார்த்திருக்கிறார்.

இதை அன்றைய விமர்சகர்கள் தெரியாமை என்றே எடுத்துக்கொண்டார்கள். உடம்பு அழுக்காக இருக்கிறது, உருட்டத் தெரியவில்லை, பிணவறையில் கிடக்கும் சவம் என்றெல்லாம் எழுதினார்கள். கூட்டம் படத்தைச் சேதப்படுத்திவிடுமோ என்று காவல் போட்டார்கள், பிறகு கடைசி அறையில் கதவுக்கு மேலே எட்டாத உயரத்தில் கொண்டுபோய் மாட்டினார்கள். அந்த வருஷம் க்ளோத் மொனே என்ற இளைஞர் முதன்முதலாகச் சலோனில் இரண்டு கடற்காட்சிகள் வைத்திருந்தார். பெயர்க் குழப்பத்தில் சிலர் மனேவிடம் வந்து உங்கள் கடல் பிரமாதம் என்று கைகுலுக்கினார்களாம். திட்டு மட்டும் சொந்தப் பெயருக்கு வந்துகொண்டிருந்தது. மனம் நொந்து ப்ரஸ்ஸெல்ஸில் இருந்த கவிஞர் பொதலேருக்குக் கடிதம் எழுதினார், வசவு ஆலங்கட்டி மழையாகக் கொட்டுகிறது என்று. பொதலேர் ஆறுதல் சொல்லவில்லை. இப்படி ஏச்சு வாங்கிய முதல் ஆள் நீர்தானா, உமக்கு முன்னால் இருந்தவர்களைவிட நீர் பெரிய மேதையா என்று கடிந்து எழுதினார்.

மனே மாட்ரிட்டுக்குப் போனார். அங்கே பிராதோ அருங்காட்சியகத்தில் 17ஆம் நூற்றாண்டு ஸ்பானிய ஓவியர் வெலாஸ்கெஸ் வரைந்த பாப்லோ தெ வயாதோலித் என்ற அரசவை நடிகரின் படத்தைப் பார்த்துவிட்டு, பின்னணியே மறைந்துவிட்டது, ஆளைச் சுற்றிக் காற்று மட்டும்தான் இருக்கிறது என்று நண்பர் ஃபந்தான் லத்தூருக்கு எழுதினார். ஊர் திரும்பி ‘புல்லாங்குழல் சிறுவன்’ வரைந்தார். ராணுவச் சீருடை போட்ட பையன், சிவப்புக் கால்சட்டை, பின்னால் வெறும் சாம்பல். தரை எங்கே முடிகிறது, சுவர் எங்கே தொடங்குகிறது என்று காட்டக் கோடே இல்லை, காலடியில் ஒரு துளி நிழல் மட்டும் அவனைத் தரையில் நிறுத்துகிறது. என்னைக் கேட்டால் ஒலிம்பியாவைவிட இதுதான் தைரியமான படம். 1866 சலோன் இதை நிராகரித்தது. அந்தச் சமயத்தில்தான் இருபத்தாறு வயது எழுத்தாளர் எமில் சோலா பத்திரிகையில் மனேவை ஆதரித்து எழுதினார், லூவ்ரில் இவருக்கு இடம் உண்டு என்று. வாசகர்கள் கொதித்துப்போய், அந்தத் தொடரையே பாதியில் நிறுத்த வேண்டியதாயிற்று.

1867 உலகக் கண்காட்சியிலும் இடம் கிடைக்கவில்லை. அம்மாவிடம் பணம் வாங்கி, அல்மா சதுக்கத்துக்குப் பக்கத்தில் சொந்தக் கூடாரம் போட்டு ஐம்பது படங்கள் வைத்தார். குர்பே 1855இலேயே இதைச் செய்து காட்டியவர். பெரிதாக எதுவும் விற்கவில்லை. ஆனால் அரசாங்கத்தின் சுவர் இல்லாமலும் ஓவியர் மக்களைச் சந்திக்கலாம் என்ற எண்ணம் இந்த மாதிரி முயற்சிகளில்தான் வேர்பிடித்தது.

அதே வருஷம் ஜூன் 19இல் மெக்ஸிகோவில் மாக்ஸிமிலியன் சுட்டுக் கொல்லப்பட்டார். அவரை அங்கே பேரரசராக உட்காரவைத்தவரும், பிறகு படையைத் திருப்பிக் கூப்பிட்டுக் கைவிட்டவரும் மூன்றாம் நெப்போலியன்தான். மனே இதை விடாமல் திரும்பத் திரும்ப வரைந்தார். ஜெர்மனியின் மன்ஹைமில் இருக்கும் கடைசி வடிவத்தில், சுடுகிற சிப்பாய்களின் சீருடை பிரெஞ்சுச் சீருடை மாதிரியே இருக்கிறது. மாட்ரிட் மக்களைப் பிரெஞ்சுப் படை சுட்டுக் கொல்வதை ஸ்பானிய ஓவியர் கோயா வரைந்த ‘மே 3’ படத்தைப் பார்த்துத்தான் இந்த அமைப்பை எடுத்தார், ஆனால் கோயாவிடம் இருக்கும் அலறல் இதில் இல்லை. துப்பாக்கிகள் ஏறக்குறைய நெஞ்சைத் தொடும் தூரத்தில் இருக்கின்றன, ஓரத்தில் ஒரு சிப்பாய் நிதானமாகத் தன் துப்பாக்கியைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். வரலாற்று ஓவியத்துக்கு அகாதமி கேட்ட வீரமும் கண்ணீரும் எதுவுமே இல்லாமல் ஒரு வரலாற்று ஓவியம். அதன் கல்லச்சுப் பிரதியை வெளியிடக்கூட 1869இல் அரசாங்கம் அனுமதிக்கவில்லை. பாரிஸில் அவர் உயிரோடு இருந்தவரை இந்தப் படம் பொதுமக்கள் கண்ணில் படவே இல்லை.

மனே என்றதும் இம்ப்ரெஷனிஸ்டுகளோடு, அதாவது முதலில் சொன்ன அந்தத் தனிக் கண்காட்சி வைத்த நண்பர்களோடு, சேர்த்துப் பேசுவது வழக்கமாகிவிட்டது. மொனே, ரெனுவார், தெகா, பெர்த் மொரிஸோ எல்லோரும் அவரைச் சுற்றி இருந்தவர்கள்தான், மொரிஸோ அவர் தம்பியையே கல்யாணம் செய்துகொண்டார். 1874 கோடையில் அர்ஜந்தேயில் மொனே பக்கத்தில் நின்று வெளிச்சமான நதிக்காட்சிகளும் வரைந்தார். ஆனால் அவர்களுடைய எட்டுக் கண்காட்சிகளில் ஒன்றில்கூட மனேவின் படம் இல்லை. அவர்கள் ஒதுக்க விரும்பிய கறுப்பு வண்ணம் அவருக்கு உயிர். இன்னொன்று, அவர் படங்கள் சட்டென்று வரைந்து முடித்தவை போலத் தெரியும், அதை நம்பிவிடக் கூடாது. மாணவி ஏவா கொன்சாலேஸை அவர் வரைந்த கதையை மொரிஸோ தன் கடிதத்தில் சொல்கிறார்: அந்தப் பெண் தினமும் வந்து உட்காருவார், சாயங்காலம் ஆனதும் மனே அன்றைக்கு வரைந்த தலையை முழுவதும் சோப்புப் போட்டுக் கழுவிவிடுவார், மறுநாள் முதலிலிருந்து தொடக்கம். திருத்தித் திருத்திப் பூசினால் அந்தப் புத்துணர்ச்சி செத்துவிடும் என்பதால், சரியாக வராத ஒன்றை ஒட்டுமொத்தமாக அழித்துவிட்டு மறுபடி ஒரே மூச்சில் வரைவார். இதற்குப் பொறுமை அகாதமி ஓவியருக்கு வேண்டியதைவிட அதிகம் வேண்டும்.

அங்கீகாரம் வந்தபோது காலம் போய்விட்டது. கலை வியாபாரி போல் துராந்-ருயேல் 1872இல் இருபதுக்கும் மேற்பட்ட படங்களை ஒரே மூச்சாக 35,000 ஃப்ராங்குக்கு வாங்கினார். 1881 சலோனில், இருபது வருஷமாகக் காத்திருந்த பதக்கம், இரண்டாம் தரம்தான், வந்தது. அந்த நடுவர் குழுவில் கபனேல் இருந்தார், அதே வீனஸ் கபனேல். இப்படி ஒரு தலையை வரையக்கூடியவர்கள் நம்மில் நாலு பேர்கூட இல்லை என்று அவர் சக நடுவர்களிடம் சொன்னதாகப் பதிவு இருக்கிறது. எனக்குக் கபனேல் மேல் மரியாதை வந்தது இதைப் படித்த பிறகுதான். அதே வருஷக் கடைசியில் பிரெஞ்சு அரசின் உயரிய விருதான லெஜியன் ஆஃப் ஹானரும் கிடைத்தது; கலை அமைச்சர் ஆகியிருந்தவர் முள்ளங்கிக் கதை சொன்ன பழைய தோழர் ப்ரூஸ்த்.

அப்போதே நோய் முற்றிக் கால்கள் வலுவிழந்திருந்தன. அந்த நிலையில் ஸ்டூடியோவில் ஒரு சலவைக்கல் மேஜை போட்டு, பாரிஸின் கேளிக்கை அரங்கான ஃபோலி பெர்ஜேரில் உண்மையாகவே வேலை பார்த்த சுஸோன் என்ற பெண்ணை அதற்குப் பின்னால் நிறுத்தி, தன் கடைசிப் பெரிய படத்தை வரைந்தார். இப்போது லண்டன் கோர்ட்டோல்ட் கலைக்கூடத்தில் இருக்கும் ‘ஃபோலி பெர்ஜேரில் ஒரு மதுக்கூடம்’. மேஜைமேல் ஷாம்பெய்ன், ஆரஞ்சு, சிவப்பு முக்கோணம் போட்ட பாஸ் பீர் புட்டி. இடதுகோடி புட்டியின் லேபிளில் கையெழுத்து. மேலே இடது மூலையில் பச்சைக் காலணி போட்ட இரண்டு கால்கள் மட்டும் தொங்குகின்றன, ஊஞ்சல் வித்தைக்காரி. அவ்வளவு பெரிய வேடிக்கை நடக்கிறது, மனே அதில் கால்களை மட்டும் காட்டுகிறார். பின்னால் முழுவதும் கண்ணாடி. அதில் அவள் முதுகு நேர் பின்னால் தெரியாமல் வலது பக்கம் தள்ளித் தெரிகிறது, அவளிடம் குனிந்து பேசும் ஒரு ஆணும் தெரிகிறான். அப்படியென்றால் அந்த ஆள் நாம் நிற்கிற இடத்தில் அல்லவா நிற்க வேண்டும்? நாம்தான் அவனா? அவள் நேரே பார்க்கிறாள், முகத்தில் சோர்வு, நம்மைப் பார்க்கிறாளா என்பதுகூட நிச்சயமில்லை. பார்வைக்கோணம் தப்பு என்று அன்றே கேலி செய்தார்கள். ஒன்றரை நூற்றாண்டாக ஆராய்ச்சியாளர்கள் அந்தக் கண்ணாடியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

1883 ஏப்ரலில் இடது காலை வெட்டி எடுத்தார்கள். 30ஆம் தேதி இறந்துபோனார், வயது 51. மறுவருஷமே அவர் படங்களின் பெரிய கண்காட்சி நடந்தது, அதுவும் எகோல் தே போஸாரில். 1890இல் மொனே வீடு வீடாகக் கடிதம் எழுதிச் சந்தா திரட்டி, கிட்டத்தட்ட 20,000 ஃப்ராங்க் சேர்த்து, மனேவின் மனைவி சுஸானிடமிருந்து ஒலிம்பியாவை வாங்கி அரசுக்குக் கொடுத்தார். 1907இல், க்ளெமான்சோ பிரதமராக இருந்தபோது, அது லூவ்ருக்குள் போனது. சோலா சொன்னது நடந்தபோது சோலா இல்லை.

பின்னால் வந்தவர்கள் மனேவிடமிருந்து ஆளுக்கொன்றை எடுத்துக்கொண்டார்கள். செசான் ஒலிம்பியாவைத் தன் வழியில் மறுபடி வரைந்தார், கோகான் உட்கார்ந்து அதைப் பிரதி எடுத்தார், பிக்காஸோ 1959இலிருந்து 1962வரை புல்வெளி உணவை வைத்தே படம் படமாகப் போட்டுத் தள்ளினார். அமெரிக்க விமர்சகர் க்ளெமென்ட் க்ரீன்பெர்க் 1960இல், கித்தான் தட்டையானது என்பதை ஒளிக்காமல் ஒப்புக்கொண்ட முதல் நவீன ஓவியங்கள் மனேவுடையவை என்று எழுதினார். அங்கிருந்து அரூப ஓவியம்வரைக்கும் ஒரு நேர்கோடு போடலாம், போடவும் செய்தார்கள். எனக்கு அந்தக் கோட்டில் முழு உடன்பாடு இல்லை. தட்டையான வண்ணம் மட்டும்தான் மனே என்றால், பூனை எதற்கு, பூங்கொத்து எதற்கு, அந்தப் பார்வை எதற்கு? வரைந்த முறையும் வரையப்பட்ட ஆளும் சேர்ந்துதான் அந்த அடியைக் கொடுத்தன.

அந்த ஆட்களைப் பற்றி இப்போதுதான் ஒழுங்காகப் பேச ஆரம்பித்திருக்கிறார்கள். ஒலிம்பியாவில் பூங்கொத்தோடு நிற்கும் பெண்ணின் பெயர் லோர். மனேவின் குறிப்பேட்டில் அவர் பெயரும் விலாசமும் இருக்கின்றன. நூறு வருஷத்துக்கு மேலாகப் பக்கம் பக்கமாக எழுதிய விமர்சகர்களில் பெரும்பாலோர் பூனைக்குக் கொடுத்த கவனத்தைக்கூட அவருக்குக் கொடுக்கவில்லை. 2019இல் பாரிஸின் ஓர்சே அருங்காட்சியகம் கறுப்பின மாடல்களைப் பற்றி நடத்திய கண்காட்சியில் அவர் நடுவே வந்தார்.

படுத்திருப்பவரும் புல்வெளியில் உட்கார்ந்திருப்பவரும் ஒரே ஆள், விக்தொரின் மெராங். குடித்தே அழிந்துபோனவர் என்று அவரைப் பற்றி நெடுநாள் ஒரு கதை உலவியது. உண்மையில் அவர் ஓவியம் கற்று, தானே சலோனுக்குப் படம் அனுப்பினார். 1876இல் மனே அனுப்பிய இரண்டு படங்களையும் நடுவர்கள் தள்ளிவிட்டார்கள். அதே வருஷம் விக்தொரின் வரைந்த அவருடைய சொந்த முகம் சலோனில் தொங்கியது. 1903இல் பிரெஞ்சுக் கலைஞர்கள் சங்கத்தில் உறுப்பினரானார், 1927வரை வாழ்ந்தார். அவர் வரைந்த படங்களில் இன்று கையில் கிடைப்பவை மிகச் சில. அவற்றில் ஒரு தன்னுருவப் படத்தை 2021இல் பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகம் வாங்கியது. அவரை மாடலாக வைத்து மனே வரைந்த ‘தெருப்பாடகி’யும் அதே அருங்காட்சியகத்தில்தான் இருக்கிறது.